தந்தி என்று நான் வைத்த பேர்

மகனே,

நாலு வரி எழுதிக் கொடு என்றாய். ஆல்பத்தோடு சேர்த்துக் கொடுக்கச் சின்னப் புத்தகம் ஒன்று அச்சடிக்கிறாய், அதில் முதல் பக்கம் சித்தப்பாவுக்கு என்று போனில் சொன்னாய். நாலு வரியில் நிற்கிற வாயா இது? ஒரு ஆடு காணாமல் போனதை ஆட்டோவில் அறிவித்துக்கொண்டு வா என்றால், அந்த ஆட்டின் பாட்டன் பூட்டன் பெருமை வரைக்கும் சொல்லி முடித்துத்தான் மைக்கை வைப்பேன். அதற்குள் ஆடே வீடு வந்து சேர்ந்திருக்கும். உத்திரமேரூர் சுற்றுவட்டாரத்தில் முப்பது வருஷமாக மைக் செட் போடுகிறவன், எட்டாவது வரைக்கும் படித்தவன். சரி, ஏழாவது. எட்டாவதில் என் பேர் மட்டும் பதிவேட்டில் இருந்தது, நான் இல்லை. இதை எழுதும்போது ஒரு முடிவு எடுத்திருக்கிறேன். கை பழக்கத்தில் பெரிதாக்கி எழுதிவிட்டால், அடுத்த வரியிலேயே நானே பிடித்துக் கொடுத்துவிடுவேன். ஏன் இந்தத் திடீர் ஒழுக்கம் என்று நீ கேட்பாய். அதற்குத்தான் இத்தனை பக்கம்.

நீ அனுப்பிய பதினோரு பாட்டையும் கேட்டேன். போனில் கேட்கவில்லை. நம் கடையில் பந்தல் சாமான் போட்டிருக்கிற அறையில் பெரிய ஸ்பீக்கர் பெட்டியில் இணைப்புக் கொடுத்து, மடித்து வைத்த ஜமக்காளத்தின் மேல் உட்கார்ந்து கேட்டேன். அந்த அறையில்தான் நீ போர்வையைத் தலையோடு போர்த்திக்கொண்டு முதல் பாட்டைப் பதிவு செய்தாய். வெளியே மழை, தகரத்தின் மேல் சத்தம், நீ உள்ளே வேர்த்து வழிந்துகொண்டு "சித்தப்பா, மூச்சு கூட வுடாத" என்று கத்தினாய். நான் அரை மணி நேரம் மூச்சு விடவில்லை. சரி, அரை நிமிஷம். இப்போது அதே அறையில் உன் குரல் வந்து சுவரில் மோதியபோது, சுருட்டி வைத்த ஷாமியானா துணி எல்லாம் அதிர்ந்தது. டீக்கடையில் நான் சொல்லிக்கொண்டு திரிவது உனக்குத் தெரியும்: காஞ்சிபுரம் மாவட்டத்தில் முதன்முதலாக ராப் பாடினவன் நான்தான், என் மகன் அதை இங்கிலீஷ் சட்டை போட்டு வெளியே கொண்டுவந்திருக்கிறான், அவ்வளவுதான் என்று. ஆட்டோவில் உட்கார்ந்து, ஆம்ப்ளிஃபயர் பெட்டியைத் தட்டிக்கொண்டே நான் ஊர் ஊராக அறிவிப்புச் சொல்வதைக் கேட்டுத்தான் உனக்கு இந்த வித்தை வந்தது என்று நீயும் ஐந்தாவது பாட்டில் சொல்லியிருக்கிறாய். அதைக் கேட்டு எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது. அப்புறம் கொஞ்சம் குனிந்தது. காரணத்துக்கு வருகிறேன்.

முதலில் நீ பாட ஆரம்பித்ததை நினைத்துக்கொள்கிறேன். காலேஜ் சேர்ந்த புதிதில் நீ எழுதியதெல்லாம் டிவியில் செய்தி வாசிக்கிற மாதிரி இருந்தது. 'இருக்கிறது', 'செல்கிறேன்', 'வருந்துகிறேன்' என்று ஒரே பள்ளிக்கூட வாசனை. குற்றம் என்னுடையது. மைக்கில் 'இருக்கிறது' போய் 'கீது' வரக்கூடாது, மைக் பிடித்தால் சுத்தத் தமிழ் என்று வீட்டிலேயே சட்டம் போட்டு வளர்த்தவன் நான். அப்புறம் சென்னையில் ஏதோ ஒரு கூட்டத்தில் நீ பாடப் போனபோது, அங்கிருந்த பையன்கள் "எந்த ஊரு?" என்று கேட்டிருக்கிறார்கள். உத்திரமேரூர் என்றாய். "அது எங்க கீது?" என்று சிரித்தார்கள். நீ திரும்பி வந்து இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் காலையில் அந்தச் சிரிப்பையே எடுத்துப் பாட்டாக்கி என்னிடம் பாடிக் காட்டினாய்.

"பெருநகரு பயசீவரம் தாமலு நம்ம சைடு,
இன்னா கீது உங்கிட்டன்னா கொரலு கீது, வழிய வுடு!"

பழையசீவரம் பயசீவரமான அன்றைக்கு நான் போட்ட சட்டம் செத்தது. அதற்குப் பிறகு வந்தவாசியில் ஒருவன், செய்யாறில் ஒருவன், மதுராந்தகத்தில் இரண்டு பேர் என்று பையன்கள் கிளம்பிவிட்டார்கள். அவனவன் வீட்டில் பேசுகிற பேச்சிலேயே பாடினார்கள். மணல் லாரியைப் பாடினான் ஒருவன், ஷூ கம்பெனி வேனைப் பாடினான் ஒருவன். ஞாயிற்றுக்கிழமை மதியம் நம் ஏரிக்கரையில் மதகுக்குப் பக்கத்தில் வட்டமாக நின்றுகொண்டு, போனில் பீட் போட்டு, ஒருவரையொருவர் பாட்டிலேயே வம்புக்கிழுத்து விளையாடுவீர்கள். நீங்கள் அதைச் 'சைஃபர்' என்பீர்கள். ஐநூறு பேர் கூடுவார்கள். சரி, நாற்பது. நீ அங்கேதான் 'மதகு' என்று உனக்குப் பேர் வைத்துக்கொண்டாய். திறந்தால் நிற்காது என்பதால். அழகான பேர். பேர் வைப்பதில் நம் குடும்பத்துக்கு ஒரு ராசி உண்டு. அதுதான் இப்போது என்னைத் தூங்க விடாமல் செய்கிறது.

ஆல்பத்துக்கு 'நம்ம சைடு' என்று பேர் வைத்து, அட்டையிலேயே 'இதில் உள்ளதெல்லாம் நிஜம்' என்று போட்டிருக்கிறாய். வெள்ளிக்கிழமை பாட்டெல்லாம் போனில் வந்துவிடும். ஞாயிற்றுக்கிழமை பெருநகரில், என் அண்ணன், உன் நைனா பிறந்த ஊரில், மண்டபத்தில் விழா. சித்தப்பா மைக்கில் உன்னை அறிமுகம் செய்து கூப்பிட வேண்டும். எல்லாம் சரி. ஆனால் மூன்றாவது பாட்டும் ஏழாவது பாட்டும் ஒரே ஆல்பத்தில் இருக்கின்றன. அதை நீ தெரியாமல் செய்திருக்கிறாய். தெரிந்தவன் நான் ஒருவன், தெரிந்தவள் உன் அம்மா. பெருநகரில் முன்வரிசையில் வந்து உட்காரப் போகிற பெரியவர்கள் எல்லாருக்கும் தெரியும்.

மூன்றாவது பாட்டு, ஏரிக்கரையில் பாய்லரை நீ மடக்கிய பாட்டு. பாய்லர் யார் என்று இதைப் படிக்கிற மற்றவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். செய்யாறு பக்கம் ரைஸ் மில்லில் நெல் அவிக்கிற வேலை செய்கிற பையன், அதனால் அந்தப் பேர். பேசினால் திக்கும். "ப... பாய்லர்ணா எ... என் பேரு" என்று என்னிடம் சொல்லவே, என் கையில் இருந்த கரும்புச்சாறு பாதி முடிந்துவிட்டது. ஆனால் பீட் போட்டதும் அந்தப் பையன் பாடினானே! ஒரு இடத்தில் கூடத் தடுக்கவில்லை, ஒரு எழுத்து சிக்கவில்லை, மடை திறந்த மாதிரி வந்தது. சுற்றி நின்றவர்கள் வாயைப் பிளந்துவிட்டார்கள். அடுத்து உன் முறை. தோற்கப் போகிறாய் என்று உனக்குத் தெரிந்துவிட்டது, உன் காது சிவந்ததைப் பார்த்தேன். அப்போதுதான் நீ அதைச் சொன்னாய்.

"வாயத் தொறந்தா தந்திடா, கட்டு கட்டு கட கட,
வந்து சேர்றதுக்குள்ள ரெண்டு வாரம் ஓடும்டா!"

கூட்டம் சிரித்தது. முதலில் சிரித்தவன் யார் தெரியுமா? நான்தான். பழக்கம். சிரித்து முடித்த பிறகுதான் பாய்லரின் முகத்தைப் பார்த்தேன். அவன் குனிந்து தன் போனில் ஏதோ சரி பார்ப்பதுபோல் நின்றான். அந்தக் குனிவை நான் முன்பே ஒரு தரம் பார்த்திருக்கிறேன். மீதிக் கரும்புச்சாற்றை அப்படியே கீழே ஊற்றிவிட்டேன். ஒரு தந்தியைக் கூடக் கண்ணால் பார்க்காமல் வளர்ந்தவன் நீ, அந்தச் சொல் உனக்கு எங்கிருந்து வந்தது? வீட்டில் யாராவது வார்த்தை தடுமாறினால் "தந்தி அடிக்காத, பேசு" என்று நான் சொல்வேனே, அதிலிருந்து வந்தது. எனக்கு எங்கிருந்து வந்தது என்பதுதான் உனக்கு நான் இத்தனை வருஷம் சொல்லாதது.

ஏழாவது பாட்டு உன் நைனாவைப் பற்றியது.

"எங்க நைனா மைக் புடிச்சா ஏரித் தண்ணி ஆடும்,
தாமல் வரைக்கும் தனியா ஒரு கொரலு ஓடும்."

கேட்டவர்கள் கண் கலங்குவார்கள். உன் கண்ணும் பாடும்போது கலங்கியது, குரலிலேயே தெரிகிறது. உனக்கு இரண்டரை வயதில் மஞ்சள் காமாலையில் போய்விட்ட மனுஷனை நீ எங்கே கேட்டாய்? நான் சொல்லித்தான் கேட்டாய். வெண்கலக் குரல், ஏரித் தண்ணீர், தாமல் எல்லாம் என் கைச்சரக்கு. மகனே, இதைச் சரி செய்ய அடுத்த வரியில் ஒன்றுமில்லை, ஆகவே நேராகவே எழுதுகிறேன். உன் நைனாவுக்குத் திக்கும். பாய்லருக்குத் திக்குவதை விட அதிகமாகத் திக்கும். என் அண்ணன் ஒரு விழாவில் கூட மைக்கில் முழுசாக ஒரு வரி பேசியது இல்லை.

'ப' வந்தால் அவனுக்கு உயிர் போகும். பெண் பார்த்த இடம் பழையசீவரம், உன் அம்மாவின் ஊர். நிச்சயம் ஆன பிறகு அடிக்கடி போவான். பஸ்ஸில் கண்டக்டரிடம் ஊர்ப் பேர் சொல்ல வராது. 'வ' அவனுக்குச் சுலபம், அதனால் அதையும் தாண்டிப் போகிற வாலாஜாபாத்துக்கு டிக்கெட் எடுத்து, பழையசீவரத்தில் இறங்கிக்கொள்வான். "இன்னா நைனா, வாலாஜாபாத் டிக்கெட்ட வச்சிக்கினு தெனம் பயசீவரத்துலயே எறங்குற? ஊரு மறந்து பூட்டியா?" என்று கண்டக்டர் கத்துவான். பஸ்ஸே சிரிக்கும். அண்ணனும் சிரித்துக்கொண்டே இறங்கிவிடுவான். பதில் சொல்ல வேண்டுமானால் மறுபடி வாயைத் திறக்க வேண்டுமே. இதை நான் உன்னிடம் வேறு மாதிரி சொல்லியிருக்கிறேன். உன் அம்மா ஞாபகத்தில் மெய்மறந்து ஸ்டாப் தவறினவன் என்று காதல் கதையாகச் சொல்லி, நீ அதை ஒன்பதாவது பாட்டில் போட்டும்விட்டாய். அது போகட்டும், அதில் பாதி நிஜம்.

தந்திக்கு வருகிறேன். அப்போது நம் மைக் செட் பெருநகரில்தான் இருந்தது. அண்ணன் ஒயர், பெட்டி, ஸ்பீக்கர் எல்லாம் பார்ப்பான். பேச்சு என் இலாகா. பெருநகரின் அதே மண்டபத்தில் ஒரு கல்யாணம். ஊரில் மண்டபமே அது ஒன்றுதான். காலை முகூர்த்தம், நான் பந்தியில் நாஷ்டாவில் இருக்கிறேன், பத்தாவது இட்லி. சரி, ஆறாவது. பெண் வீட்டுப் பெரியவர் ஒருவர் அண்ணனிடம் வந்து, "இன்னாபா மைக் செட்டு, சும்மா குந்திக்கினு கீற? பொண்ண மேடைக்கு இட்டாரச் சொல்லி கூப்புடு, நேரமாவுதுல்ல" என்றார். அவன் என்னைத் தேடிப் பார்த்தான். நான் இல்லை. அவர் மைக்கை எடுத்து அவன் கையில் திணித்துவிட்டார். "ம..." என்றான். "ம... ம... மண... ம..." மரத்தின் மேல் கட்டியிருந்த புனல் ஸ்பீக்கர் அதை எடுத்து பஸ் ஸ்டாப் வரைக்கும் கொண்டுபோனது. பந்தியில் எல்லாரும் கையை நிறுத்திவிட்டார்கள். நான் ஈரக் கையோடு ஓடினேன். அண்ணனைக் காப்பாற்றத்தான் ஓடினேன், அதை நம்பு. ஆனால் மைக்கைப் பிடுங்கினதும் எதிரே முந்நூறு முகம் தெரிந்தது. முந்நூறு முகம் என்னைப் பார்த்தால் என் வாய் என் பேச்சைக் கேட்காது.

"பெரியோர்களே, பொண்ணு வூட்டுக்குத் தந்தி வந்து கீது. வுட்டு வுட்டுத்தான் வருது. மீதிய நான் படிச்சிடறேன்" என்றேன்.

மண்டபம் இடிந்து விழுகிற மாதிரிச் சிரிப்பு. மணப்பெண்ணே வாயைப் பொத்திக்கொண்டாள். நான் மைக்கில் 'கீது' என்று சொன்னது அந்த ஒரே தடவைதான், அதுவும் அதற்கு. அண்ணன் என்னை ஒரு தரம் பார்த்துவிட்டு, குனிந்து நன்றாக இருந்த ஒயரை எடுத்துச் சரி பார்க்க ஆரம்பித்தான். மறுநாளிலிருந்து ஊரில் அவன் பேர் தந்தி. "தந்தி வூடு", "தந்தி மைக் செட்டு", உன் அம்மா கல்யாணமாகி வந்தபோது "தந்தி பொண்டாட்டி". அவன் செத்த அன்றைக்கு நம் வீட்டுக்கு வழி கேட்ட பழையசீவரத்துச் சொந்தக்காரரிடம், தெருமுனையில் ஒருவர் "யாரு, தந்தியா? நேரா போங்க" என்று கை காட்டினார். அதை நான் என் காதால் கேட்டேன். பெருநகரை விட்டு உத்திரமேரூருக்குக் கடையை மாற்றியது வியாபாரத்துக்காக என்று உனக்குச் சொன்னேன். நீ அந்தப் பேரைக் கேட்டு வளரக் கூடாது என்றுதான் வந்தேன். வந்த பிறகு என் வாயே அதை வீட்டுக்குள் தினம் கொண்டுவந்து வைத்திருக்கிறது.

இன்னொன்றும் உண்டு. இதைச் சொன்னால் டீக்கடையில் என் பெருமை பாதி போய்விடும், போகட்டும். விழாவுக்குச் சாமான் இறக்கின காலையில், ஆள் வருவதற்கு முன்னால் மைக் சோதிக்க வேண்டும். எல்லாரும் 'ஆலோ, மைக் டெஸ்டிங்' என்பார்கள். அண்ணனுக்கு 'ஆலோ'வே வராது. ஒரு நாள் நான் ஸ்பீக்கர் பெட்டிக்குப் பின்னால் ஒயரோடு நின்றிருக்கிறேன், நான் இருப்பது அவனுக்குத் தெரியாது. அவன் கையில் செப்பு மோதிரம். ஆம்ப்ளிஃபயர் தகரப் பெட்டியின் மூலையில் அந்த மோதிரத்தால் 'டொக்' என்று தட்டினான். தட்டிக்கொண்டே "உத்திரமேரூர், டொக், மானாம்பதி, டொக், பெருநகர், டொக், பழையசீவரம், டொக்" என்று போனான். பஸ் போகிற வேகத்தில் போனான். ஒரு எழுத்து சிக்கவில்லை. தட்டுக்குத் தட்டு வார்த்தை வந்து உட்கார்ந்தது. நான் தலையை நீட்டியதும் தட்டு நின்றது. "ஒ... ஒயரு ச... சரியா கீதா பாரு" என்றான். அவன் செத்துப் போன பிறகு நான் ஆட்டோவில் பெட்டியைத் தட்டிக்கொண்டே அறிவிப்புச் சொல்ல ஆரம்பித்தேன். ஜனங்கள் திரும்பிப் பார்த்தார்கள், பேர் கிடைத்தது. அந்தத் தட்டு நானே கண்டுபிடித்தது என்று சொன்னேன். சொல்லிச் சொல்லி நானே நம்பினேன். பெட்டியின் ஒரு மூலையில் மட்டும் பச்சை வர்ணம் போய்த் தகரம் பளபளவென்று இருக்கிறதே, அது ஏன் என்று நீ கேட்டாய். பழையசீவரம் மலைக்கோயில் திருவிழாவில் குரங்கு சுரண்டினது என்றேன். அது குரங்கு இல்லை. ஏழு வருஷம் அந்த மோதிரம் பட்ட இடம்.

நம்மூர்க் கோயில் சுவரில் இருக்கிற கல்வெட்டில் ஒரு எழுத்துக் கூடப் படிக்கத் தெரியாமல், வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கெல்லாம் மணிக்கணக்கில் விளக்கம் சொன்னவன் நான். அது யாரையும் கெடுக்கவில்லை. அவர்களும் சந்தோஷமாகப் போனார்கள். அந்த மாதிரிதான் இதுவும் என்று நினைத்துக்கொண்டேன். இருக்கும்போது அவன் வாயைப் பிடுங்கினேன், போன பிறகு குரலை வாரிக் கொடுத்தேன், கணக்குச் சரி என்று. போன வாரம் உன் அம்மாவிடம் மூன்றாவது பாட்டையும் ஏழாவது பாட்டையும் போட்டுக் காட்டினேன். கம்பெனி வேனிலிருந்து இறங்கி வந்தவள், பை கூடக் கீழே வைக்காமல் நின்றபடியே கேட்டாள்.

"அண்ணி, இத அவன்கிட்ட நீங்க சொல்லிடுங்க. நான் சொன்னா அவன் என்னிய நம்ப மாட்டான்" என்றேன்.

"ஏன் தம்பி நம்ப மாட்டான்? இத்தினி நாளு நீ சொன்னதத்தான நம்பிக்கினு கீறான்? நீ வச்ச பேரு. நீயே சொல்லு."

"உங்களுக்கு அப்பவே தெரியுமே, நீங்க ஏன் அவன்கிட்ட ஒரு வார்த்த சொல்லல?"

அப்போதுதான் அவள் பையைக் கீழே வைத்தாள். பிறகு சொன்னாள்: "புள்ள அவங்க நைனாவ நெனச்சி சந்தோசப்பட்டுக்கினு கெடந்தான். வுட்டுட்டேன். ஆனா தம்பி, அவரு கொரலு ஒண்ணும் மட்டம் இல்ல. எங்க ஊரு பேர சொல்ல வராம அடுத்த ஊருக்கு டிக்கெட் எடுத்தவரு, கல்யாணத்துக்கு மறுநா என்னிய குந்த வச்சி, அந்தப் பொட்டிய தட்டிக்கினே பயசீவரம் பயசீவரம்னு பத்து வாட்டி சொன்னாரு. நிறுத்தவே இல்ல. வேர்த்துப் பூட்டாரு. அத அவன் பாடக் கூடாதா?"

நான் முப்பது வருஷமாக இந்த ஜில்லா முழுக்கக் கதை சொல்லியிருக்கிறேன். அவள் சொன்ன அந்த நாலு வரிக்குப் பக்கத்தில் வைக்க என்னிடம் ஒன்றும் இல்லை.

அதன் பிறகு சனிக்கிழமை செய்யாறுக்கு வண்டி எடுத்துக்கொண்டு போனேன். பாய்லர் மில் களத்தில் நெல்லைப் புரட்டிக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் உன்னைத் திட்ட வந்திருக்கிறேனோ, அவனைத் திட்ட வந்திருக்கிறேனோ என்று புரியாமல் விழித்தான். அன்றைக்கு ஏரிக்கரையில் முதலில் சிரித்தவன் நான், மன்னித்துக்கொள் என்றேன்.

"வு... வுடுங்கணா. எ... எனக்குப் பழகிப் போச்சி" என்றான்.

"அதான்டா எனக்குப் பேஜாரா கீது" என்று சொல்லி, அண்ணன் கதையை முழுக்கச் சொன்னேன். களத்து ஓரத்தில் நின்றிருந்த அவன் பைக்கின் மேல் சாய்ந்துகொண்டு கேட்டான். கடைசியில், "உ... உங்க அண்ணன் பே... பேரு இன்னா?" என்றான்.

வாயைத் திறந்தேன். "தந்தி" என்று வந்துவிட்டது. ஒரே வயிற்றில் பிறந்தவன், உன்னைத் தோளில் போட்டு வளர்த்தவன், எனக்கே முதலில் அதுதான் வந்தது. அப்புறம்தான் நிஜப் பேரைச் சொன்னேன். ஏகாம்பரம். அவன் பைக் டாங்கின் மேல் விரலால் மெதுவாகத் தட்டினான். ஏ. காம். ப. ரம். திக்கவே இல்லை. இன்னொரு தரம் தட்டினான். "நாலு தட்டு. க... கரெக்டா கீதுணா" என்றான். ஞாயிற்றுக்கிழமை பெருநகருக்கு வா என்று கூப்பிட்டிருக்கிறேன். வருவதும் வராததும் அவன் இஷ்டம். நீ ஒரு வார்த்தை கூப்பிட்டால் வருவான் என்று தோன்றுகிறது.

புத்தி சொல்ல எனக்கு யோக்கியதை கிடையாது. ஆகவே கேட்டுக்கொள்கிறேன். மூன்றாவது பாட்டில் அந்த ஒரு சொல்லை வெள்ளிக்கிழமைக்கு முன்னால் எடுத்துவிடு. வம்புக்கிழு, மடக்கு, அவன் மில்லைச் சொல், புகையைச் சொல், அவன் கிழிந்த சட்டையைக் கூடச் சொல், அவனும் உன்னைச் சொல்லட்டும். வாயை மட்டும் விட்டுவிடு. ஒரு மனுஷனின் வாய்க்குப் பேர் வைத்தால் அது அவன் பிணத்துக்கு முன்னால் கூட நடந்து வரும். ஏழாவது பாட்டை என்ன செய்வது என்று உனக்குத்தான் தெரியும். நான் கொடுத்த வெண்கலக் குரலை நீ தூக்கி எறிந்தால் எனக்கு வருத்தமில்லை. ஆனால் அந்தப் பாட்டின் அடியில் போகிற டொக், டொக் சத்தத்தை மட்டும் தொடாதே. அதை நீ எதில் தட்டிப் பதிவு செய்தாய் என்று நினைவிருக்கிறதா? பெட்டியெல்லாம் தட்டிப் பார்த்துவிட்டு, "இந்த மூலைல மட்டும் சத்தம் வேற மாதிரி வருது சித்தப்பா" என்று வர்ணம் போன இடத்திலேயே கையை வைத்தாய். "கொரங்கு கை பட்ட எடம்டா" என்று நான் சிரித்தேன். மகனே, உன் ஆல்பத்தில் உன் நைனா ஏற்கெனவே இருக்கிறான். அட்டையில் நிஜம் என்று போட்டதில் அந்தச் சத்தம் நிஜம்.

இந்தக் கடிதத்தைப் புத்தகத்தில் போடு. கூச்சப்படாதே, நான் படவில்லை. மைக்கில் வைத்த பேரை வீட்டுக்குள் ரகசியமாக எடுக்க முடியாது. ஊர் கேட்க வைத்தேன், ஊர் கேட்கத்தான் எடுக்க வேண்டும். எழுத்துப் பிழை எல்லாம் உன் அம்மா திருத்தினாள், பத்தாவது படித்தவள். ஆறு இட்லி என்று நான் எழுதியதை மட்டும் பார்த்து, "எட்டு" என்று ஓரத்தில் எழுதினாள். அவள் அன்றைக்கு அங்கே இல்லவே இல்லை. இருந்தாலும் அவள் சொல்வதுதான் சரியாக இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை மைக்கை முதலில் என்னிடம் கொடு. 'பெரியோர்களே தாய்மார்களே' எதுவும் சொல்லப் போவதில்லை. அந்தப் பழைய பெட்டியை மேடைக்குக் கொண்டுவந்து, வர்ணம் போன மூலையில் தட்டி, அந்த மண்டபத்தில் அவன் பேரைச் சொல்லி, இந்த ஆளின் மகன் வருகிறான் என்று உன்னைக் கூப்பிட வேண்டும். நாலு நாளாகக் கடைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு பழகிப் பார்க்கிறேன். ஏ, டொக். காம், டொக். ப, டொக். அதற்கு மேல் எனக்கு வரவில்லை மகனே. மூன்றாவது தட்டில் தொண்டை நின்றுவிடுகிறது. முப்பது வருஷம் நிற்காத வாய், அந்த 'ப'விலேயே நிற்கிறது. ஞாயிற்றுக்கிழமையும் அப்படித்தான் ஆகும் என்று தோன்றுகிறது. ஆகவே நீ மேடைக்குப் பின்னால் நிற்காதே, பக்கத்தில் வந்து நில். மூன்று வரைக்கும் நான் தட்டுகிறேன். நாலாவதை நீ தட்டு.

உன் சித்தப்பா